ஆவணப்படத்தை எழுதுவது யார்?

1968ஆம் ஆண்டின் முதல் மாதங்களில் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால், ஒளிப்பதிவாளர் எத்தியென் பெக்கர், ஒலிப்பதிவாளர் ழான்-குளோத் லோரு ஆகிய மூவரும் கையில் திரைக்கதை ஏதுமில்லாமல் இந்தியாவைச் சுற்றினார்கள். மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயில் தேர், கலாக்ஷேத்திராவின் நடனப் பயிற்சி, நீலகிரித் தோடர்கள், புதுச்சேரி அரவிந்தர் ஆசிரமம் என்று கண்ணில் பட்டதையெல்லாம் பதிவு செய்துகொண்டு, சுமார் 30 மணி நேரப் படச்சுருளோடு ஊர் திரும்பினார்கள். அந்தச் சுருள்கள் சூசான் பரோன் என்ற படத்தொகுப்பாளரின் மேசைக்குப் போயின. 1969இல் அங்கிருந்து இரண்டு படைப்புகள் வெளிவந்தன. ஒன்று, 'மாய இந்தியா' என்று பொருள்படும் தலைப்பில் ஏழு பகுதிகள் கொண்ட தொலைக்காட்சித் தொடர். மற்றொன்று, 'கல்கத்தா' என்ற தனிப்படம். 1970இல் பிபிசி தொடரை ஒளிபரப்பியதும் இந்திய அரசு கொதித்தது. பிபிசியின் டெல்லி அலுவலகமே இரண்டாண்டுகள் மூடப்பட்டுக் கிடந்தது. கண்டனங்கள் எல்லாம் மாலின் பெயருக்கே போயின. எந்த வறுமை எந்தக் கோபுரத்துக்குப் பக்கத்தில் வர வேண்டும் என்ற முடிவில் பங்கெடுத்த பரோனைப் பற்றி அந்தச் சர்ச்சையில் பேச்சே இல்லை.

இதில் வியப்பு ஒன்றுமில்லை. ஆவணப்படம் என்றால் இயக்குநரின் பெயரைச் சொல்வதுதான் வழக்கம். ஆனால் கதைப்படத்தில் தொகுப்பாளருக்குக் கையில் ஒரு திரைக்கதை கிடைக்கிறது. ஆவணப்படத்தில் பல நேரம் அதுவும் கிடைப்பதில்லை. படத்தின் தொடக்கம் எது, யார் மையப் பாத்திரம், எதைச் சொல்லி எங்கே நிறுத்துவது என்பவை எல்லாம் படப்பிடிப்பு முடிந்த பிறகே தீர்மானமாகின்றன. அப்படியானால் ஆவணப்படத்தை எழுதுவது யார்? இக்கேள்விக்கு ஒரு நூற்றாண்டாகப் பல விடைகள் சொல்லப்பட்டிருக்கின்றன. ஒவ்வொன்றும் அது பிறந்த காலத்தின் படச்சுருள் விலை, சம்பள முறை, அரசியல் ஆகியவற்றின் தடத்தைச் சுமந்து நிற்கிறது.

பிறர் எடுத்த படச்சுருள்

காலத்தால் முந்திய விடை தொகுப்பாளருக்குச் சாதகமானது. சோவியத் ஒன்றியத்தின் எஸ்ஃபிர் ஷூப், 1927இல் 'ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்ற படத்தை உருவாக்கினார். பெரும்பாலும் பிறர் எடுத்த காட்சிகள். ஜார் குடும்பம் தன் மகிழ்ச்சிக்காக எடுத்து வைத்திருந்தவையும் அவற்றில் அடக்கம். ஏறத்தாழ 60,000 மீட்டர் சுருளை அவர் பார்த்ததாகச் சொல்வார்கள். அந்தப் படத்தில் ஒரு புகழ்பெற்ற இணைப்பு உண்டு. கப்பல் தளத்தில் சீமான்களும் சீமாட்டிகளும் ஆடிக் களைத்து வியர்வையைத் துடைத்துக்கொள்கிறார்கள்; அடுத்த காட்சியில் குடியானவர்கள் பள்ளம் தோண்டுகிறார்கள். இரண்டு துண்டுகளையும் எடுத்தவர்கள் நினைத்துப் பார்த்திராத பொருள், அவை அடுத்தடுத்து வந்ததும் பிறந்துவிட்டது. ஜிகா வெர்த்தோவின் 'மூவி கேமராவோடு ஒரு மனிதன்' (1929) இன்னும் ஒரு படி மேலே போய், தொகுப்பாளர் எலிசவேத்தா ஸ்விலோவா மேசையில் சுருளை வெட்டுவதையே படத்துக்குள் காட்டியது. படத்தொகுப்பாளர் ஒருவர் தம் வேலையைச் செய்தபடி திரையில் தோன்றுவது இன்றும் அபூர்வம்தான்.

தமிழில் இதற்கு நேரான எடுத்துக்காட்டு ஏ.கே. செட்டியார். காந்தியைப் பற்றிய ஆவணப்படம் என்ற எண்ணம் 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் செல்லும் கப்பலில் தமக்குத் தோன்றியதாக அவர் எழுதியிருக்கிறார். பிறகு கண்டம் கண்டமாக அலைந்து, சுமார் முப்பதாண்டுக் காலத்தில் நூறு பேர்வரை எடுத்திருந்த காட்சிகளைச் சேகரித்தார். மொத்தம் 50,000 அடி. அதிலிருந்து 12,000 அடியில் படம் உருவாகி 1940 ஆகஸ்டில் சென்னையில் திரையிடப்பட்டது. 35 மில்லிமீட்டர் சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும் என்பதால், ஒன்பது மணி நேரத்துக்கும் மேற்பட்ட காட்சியிலிருந்து இரண்டேகால் மணி நேரம் தேர்வானது என்று கணக்கிடலாம். தமிழுலகம் செட்டியாரைப் பயண எழுத்தாளர் என்றும், 'குமரி மலர்' ஆசிரியர் என்றும், ஆவணப்பட முன்னோடி என்றும் போற்றுகிறது. அவரைத் தொகுப்பாளர் என்று யாரும் சொல்வதில்லை. ஆனால் எங்கெங்கோ கிடந்த துண்டுகளுக்கு வரிசை கொடுத்ததுதான் அவருடைய மையச் செயல்.

இந்த நிலைப்பாட்டின் பலவீனமும் அதே படத்தில் தெரிகிறது. 1953இல் அமெரிக்காவில் அந்தக் காட்சிகளைக் கொண்டு, குவென்டின் ரெனால்ட்ஸின் குரலோடு ஆங்கிலப் பதிப்பு ஒன்று தயாரானது. பின்னாளில் ஆய்வாளர்களின் கைக்குக் கிடைத்தது அதுதான். முதலில் வெளிவந்த தமிழ்ப் பதிப்பு முழுமையாகக் கிடைக்கவில்லை. அடுக்குவதே ஆக்குவது என்றால், மறுபடி அடுக்குகிறவர் புதிய ஆசிரியராகிவிடுவார். தேடிச் சேர்த்தவரின் நோக்கத்துக்கு அங்கே என்ன மதிப்பு? ஷூப்பின் படத்தைப் புகழ்கிறவர்கள் இதை எளிதில் கடந்துவிடுகிறார்கள். ஜார் குடும்பத்தின் நோக்கத்தைத் தலைகீழாக்கியது நமக்குப் பிடித்திருக்கிறது. காந்தி படத்தை வேறொருவர் திருப்பி அடுக்கினால் பிடிக்காமல் போகலாம். கோட்பாடு இரண்டுக்கும் ஒன்றுதான்.

வர்ணனையின் ஆட்சி

இரண்டாவது விடை பிரிட்டனில் ஜான் கிரியர்சனின் வட்டத்தில் வலுப்பெற்றது. ஆவணப்படம் ஒரு சமூகப் பணி. அதன் சிந்தனை தயாரிப்பாளரிடமும் இயக்குநரிடமும் இருக்கிறது. தொகுப்பு அந்தச் சிந்தனையை நிறைவேற்றும் கைத்தொழில். இந்த வட்டத்தின் சிறந்த படங்களில் ஒன்று நம் பக்கத்துத் தீவில் எடுக்கப்பட்டது. பேசில் ரைட் 1934இல் இலங்கைத் தேயிலை விளம்பரத்துக்கென்று போய் எடுத்து, தாமே தொகுத்த 'இலங்கையின் பாடல்'. காட்சி முழுவதும் தீவில் எடுக்கப்பட்டது. ஒலி முழுவதும் இங்கிலாந்தில் கோக்கப்பட்டது. தேயிலை விற்கப் போன படம், வணிகக் குரல்களையும் பௌத்த வழிபாட்டையும் மோதவிட்டுத் தன் புரவலரையே லேசாகக் கிண்டல் செய்தது. அந்தக் கிண்டல் படப்பிடிப்பில் இல்லை. ஒலியும் காட்சியும் சந்தித்த இடத்தில்தான் பிறந்தது.

அந்த வட்டத்துக்குள்ளேயே முரண்பட்ட சான்றுகள் உண்டு. ஹம்ஃப்ரி ஜென்னிங்ஸின் பெயரில் புகழ்பெற்ற 'பிரிட்டனைக் கேளுங்கள்' (1942), இயக்கம், தொகுப்பு இரண்டையும் ஜென்னிங்ஸ், ஸ்டூவர்ட் மக்அலிஸ்டர் என்ற இருவர் பெயரிலும் அறிவித்தது. வர்ணனையே இல்லாத படம். போர்க்கால ஒலிகளும் காட்சிகளும் மட்டுமே. ஜென்னிங்ஸைப் பற்றி ஏராளமாக எழுதினார்கள். மக்அலிஸ்டர் 1962இல் இறந்தபோது அவரைத் தெரிந்தவர்கள் தொழிலுக்குள் இருந்தவர்கள்தான். தாமே ஆவணப்படத் தொகுப்பாளரான டை வாகன் 1983இல் அவரைப் பற்றி ஒரு நூல் எழுதினார். கண்ணுக்குத் தெரியாத மனிதரின் உருவப்படம் என்ற பொருளில் தலைப்பு வைத்தார். வாகன் அந்த நூலில் ஒரு சிக்கலை நேர்மையாக எதிர்கொண்டார்: தொகுப்பாளரின் பங்கைப் படத்திலிருந்து பிரித்துக் காட்ட வழியில்லை. எந்த யோசனை யாருடையது என்பது அறைக்குள் இருந்த இருவருக்கே சில நேரம் தெரியாது. இதைவிட நல்ல சான்று வேண்டுமென்றால் ஹெலன் வான் டாங்கனின் நாட்குறிப்பைப் பார்க்கலாம். ராபர்ட் ஃபிளாகர்ட்டியின் 'லூசியானா ஸ்டோரி' (1948) உருவானபோது அவர் எழுதிவைத்தது. பின்னர் நூலாகவும் வந்தது. இயக்குநர் அள்ளிக் குவித்த அழகிய காட்சிகளுக்கு ஒழுங்கு தேடித் தொகுப்பாளர் பட்ட பாடு அதில் நாள்வாரியாக இருக்கிறது.

இந்தியாவில் இந்த இரண்டாவது விடை அரசுத் துறையாகவே உருவெடுத்தது. 1948இல் தொடங்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன், திரையரங்குகளில் கட்டாயம் காட்டப்பட வேண்டிய செய்திப்படங்களையும் ஆவணப்படங்களையும் தயாரித்தது. நியூஸ் ரீல் முடிந்த பிறகு உள்ளே போகலாம் என்று வெளியே நின்ற தலைமுறைக்கு அந்தக் குரல் இன்னும் நினைவிருக்கும். அங்கே முதலில் எழுதப்பட்டது வர்ணனை. காட்சி அதன் நீளத்துக்கு வெட்டப்பட்டது. அதே காட்சிக்குத் தமிழ் உட்படப் பல மொழிகளில் குரல் மாற்றினார்கள். எடிட்டர் என்பது சம்பளப் பட்டியலில் ஒரு பதவி. ஆனாலும் அந்தக் கட்டடத்துக்குள்ளிருந்தே 1967 வாக்கில் எஸ்.என்.எஸ். சாஸ்திரியின் 'ஐ ஆம் 20', அடுத்த ஆண்டு பிரமோத் பதியின் 'எக்ஸ்புளோரர்' போன்ற படங்கள் வந்தன. இவற்றில் துள்ளுவது தொகுப்புதான். 'எக்ஸ்புளோர'ரில் வர்ணனையே கிடையாது. வெட்டின் வேகமே படம். வர்ணனையின் ஆட்சி என்று பொதுவாகச் சொல்வது சரி. முழு உண்மை என்று சொல்ல முடியாது.

சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்பவர்களுக்கு ஒரு குறிப்பு. இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957இன்படி திரைப்படத்தின் ஆசிரியர் தயாரிப்பாளர். 2012 திருத்தத்தின்போது இயக்குநரையும் சேர்க்கலாம் என்று முன்மொழியப்பட்டு, பிறகு கைவிடப்பட்டது. படைப்பாளியின் உரிமையில் கறாரான பிரெஞ்சுச் சட்டம் திரைக்கதை, வசனம், இசை, இயக்கம் ஆகியவற்றுக்கு உரியவர்களை இணை ஆசிரியர்களாகப் பெயரிட்டு ஏற்கிறது. தொகுப்பாளரின் பெயர் அந்தப் பட்டியலில் இல்லை. சூசான் பரோன் பாரிஸில் இருந்தும் பயனில்லை.

காத்திருக்கும் கேமரா

1960 வாக்கில் தோளில் சுமக்கும் கேமராவும் அதோடு இசைந்து ஓடும் ஒலிப்பதிவுக் கருவியும் வந்தன. வர்ணனையை ஒதுக்கிவிட்டு, நடப்பதைப் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருக்கும் நேரடி சினிமா பிறந்தது. வாக்குறுதி என்னவோ இயக்குநர் தலையிடமாட்டார் என்பது. விளைந்ததோ வேறு. தலையீடு முழுவதும் படப்பிடிப்புத் தளத்திலிருந்து தொகுப்பறைக்கு இடம்பெயர்ந்தது.

மெய்ஸல்ஸ் சகோதரர்கள் இதை ஒளிக்கவில்லை. பைபிள் விற்கும் விற்பனையாளர்களைப் பின்தொடர்ந்த 'சேல்ஸ்மேன்' (1969) படத்தில், தொகுப்பாளர் ஷார்லட் ஸ்வெரினின் பெயர் இயக்குநர்களில் ஒன்றாக வந்தது. 'கிரே கார்டன்ஸ்' (1975) படத்தில் எலன் ஹவ்டி, மஃபி மேயர் ஆகிய தொகுப்பாளர்கள் இயக்குநர் வரிசையில் நின்றார்கள். எதிர்த்திசையில் ஃபிரெடரிக் வைஸ்மன், தம் படங்களைத் தாமே தொகுத்தார். இந்தியாவில் ஆனந்த் பட்வர்தன் அதே வழி. பட்வர்தனின் 'ஜெய் பீம் காம்ரேட்' (2011) பதினான்கு ஆண்டுகளில் எடுக்கப்பட்டது. மும்பை ரமாபாய் நகரில் 1997இல் நடந்த துப்பாக்கிச் சூட்டிலிருந்து தொடங்கிப் பாடகர்கள், வழக்குகள், தேர்தல்கள் என்று பரவும் அந்தப் படத்தை, களத்தில் நிற்காத ஒருவர் தொகுத்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று கேட்பது நியாயம். விடை ஊகம்தான்.

படம் தொகுப்பறையில்தான் உருவாகிறது என்ற நிலைப்பாட்டின் உச்சச் சான்று என்று 'ஹூப் டிரீம்ஸ்' (1994) படத்தைச் சொல்லலாம். சிகாகோவின் இரண்டு சிறுவர்களைக் கூடைப்பந்து மைதானத்தில் பல ஆண்டுகள் தொடர்ந்து, சுமார் 250 மணி நேரப் பதிவிலிருந்து மூன்று மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக உருவான படம். ஆஸ்கர் குழு அதைச் சிறந்த ஆவணப்படப் பட்டியலில் சேர்க்கவே இல்லை. ஆனால் சிறந்த படத்தொகுப்புக்குப் பரிந்துரைத்தது. ஸ்டீவ் ஜேம்ஸ், ஃபிரெடரிக் மார்க்ஸ், வில்லியம் ஹாகி மூவரும் கதைப்படத் தொகுப்பாளர்களோடு அந்தப் பட்டியலில் இருந்தார்கள். படமாக ஏற்கவில்லை, தொகுப்பாக ஏற்றுக்கொண்டார்கள்! ஆனால் ஜேம்ஸும் மார்க்ஸும் அந்தப் படத்தைக் களத்தில் உருவாக்கியவர்கள். எனவே இதைத் தொகுப்பாளரின் தனி வெற்றி என்று கொண்டாடவும் முடியாது.

சுத்துக்கேணியில் எடுக்கப்படாத ஒரு படம்

கோட்பாட்டை விட்டுவிட்டு மேசையில் என்னதான் நடக்கிறது என்று பார்க்க, எடுக்கப்படாத ஒரு படத்தைக் கற்பனை செய்துகொள்ளலாம். இடம், புதுச்சேரியின் மண்ணாடிப்பட்டு கொம்யூனைச் சேர்ந்த சுத்துக்கேணி. சங்கராபரணி ஆற்றங்கரை ஊர். விழுப்புரம் மாவட்டத்து வீடூர் அணை நிரம்பித் திறந்தால் ஆற்றில் தண்ணீர் வரும். சுத்துக்கேணி வாய்க்கால் வழியாக ஊசுட்டேரிக்கு அந்தத் தண்ணீர் போகும். ஊரின் மண்ணுக்கடியில் பெருங்கற்கால ஈமச்சின்னங்கள் இருந்தன. ழான்-மரி கசாலும் அவர் துணைவியார் ழென்வியேவும் இப்பகுதியில் அகழ்ந்து, 1956இல் முடிவுகளைப் பிரெஞ்சில் நூலாக்கினார்கள். தண்ணீரைப் பற்றி நாற்பது நிமிடப் படம் என்று வைத்துக்கொள்வோம். கையில் அறுபது மணி நேர ஃபுட்டேஜ்.

ஒரு முதிய விவசாயி சொல்கிறார்: "இந்த வாய்க்கால்ல தண்ணி வந்தாத்தான் ஏரி ரொம்பும்." இந்த வாக்கியத்துக்கு முன்னால் காய்ந்த வாய்க்காலைக் காட்டினால் அது முறையீடு. 2024 நவம்பர் 30 அன்று கரையைக் கடந்த ஃபெஞ்சல் புயலின் வெள்ளத்தைக் காட்டினால், அதே வாக்கியத்தில் ஒரு கசப்பான நகைப்பு ஏறிவிடுகிறது. முதுமக்கள் தாழி ஒன்றை முன்வைத்தால், ஈராயிரம் ஆண்டுகளாக இந்த ஊர் ஆற்றை நம்பியிருக்கிறது என்ற பொருள் தானாக வருகிறது. பெரியவர் மூன்றையும் சொல்லவில்லை. பதில் சொல்வதற்கு முன் அவர் மூன்று வினாடி பேசாமல் நின்றிருந்தால், அதை வைத்துக்கொள்வதா வெட்டுவதா என்பது அடுத்த கேள்வி. வெட்டினால் அவர் உறுதியானவர், விட்டால் தயங்குகிறவர். பேச்சில் தேவையற்ற நடுப்பகுதியை எடுத்துவிட்டு, அந்த வெட்டை மறைக்க நடவு வயலின் கட்அவே ஒன்றை மேலே போடுவது அன்றாடத் தந்திரம். பார்ப்பவர் அவர் தொடர்ந்து பேசியதாகவே நினைப்பார். அடுத்த காட்சியின் டிராக்டர் சத்தத்தை இரண்டு வினாடி முன்னதாக இழுத்து அவர் முகத்தின் மேலேயே போட்டால், அவர் பேச்சு முடிந்துவிட்டது என்று காது முதலில் புரிந்துகொள்ளும்.

இந்த முடிவுகளை இயக்குநர் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லலாம். தொகுப்பாளர் தனியே செய்து காட்டி ஒப்புதல் வாங்கலாம். பெரும்பாலும் நடப்பது இரண்டாவது. இயக்குநருக்கு அந்தப் பெரியவரோடு குடித்த தேநீர் நினைவிருக்கும். ஆகவே அவர் சொன்ன எல்லாமே அவருக்கு முக்கியமாகப் படும். தொகுப்பாளருக்குத் தெரிவது திரையில் உள்ள முகம் மட்டும்தான். களத்தில் இல்லாததே தொகுப்பாளரின் பலம் என்பார் தொழிலில் பலர். சரியான வாதம்தான், ஆனால் அதற்கு ஒரு விலை உண்டு. படம் வெளியான பிறகு ஊருக்குள் மறுபடி போய் அந்தப் பெரியவரின் முகத்தைப் பார்க்க வேண்டியவர் இயக்குநர்.

மொழி தெரியாத மேசை

தமிழ் வாசகருக்குச் சற்று நெருக்கமான ஒரு கிளைக்கேள்வி இங்கே எழுகிறது. பேசப்படும் மொழி தாய்மொழியாக இல்லாத ஒருவர் படத்தைத் தொகுக்கலாமா? பரோன் காலத்திலிருந்தே இது நடக்கிறது. அதற்கு முன்பே அவர் ழான் ரூஷின் ஆப்பிரிக்கப் படமான 'வெறிகொண்ட எசமானர்கள்' (1955) படத்தையும் தொகுத்தவர்.

அண்மைக் காலத்தில் இந்தியாவிலிருந்து உலகக் கவனம் பெற்ற ஆவணப்படங்கள் பலவற்றில் இந்தக் கலப்பைக் காணலாம். முதுமலைத் தெப்பக்காட்டில் பொம்மன், பெள்ளி தம்பதியர் யானைக்குட்டிகளை வளர்ப்பதைச் சொன்ன 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' (2022) தமிழ் பேசும் படம். சுமார் 450 மணி நேரப் பதிவு, திரையில் ஏறத்தாழ நாற்பது நிமிடமாக வந்தது. தொகுத்தவர்கள் சஞ்சாரி தாஸ் மாலிக், டக்ளஸ் பிளஷ். 2023 மார்ச்சில் ஆஸ்கரைக் கையில் வாங்கியவர்கள் இயக்குநர் கார்த்திகி கொன்சால்வெஸும் தயாரிப்பாளர் குனீத் மோங்காவும். விதிப்படி அந்தப் பரிசு அப்படித்தான் போகும். டெல்லியின் பருந்துகளைக் காக்கும் சகோதரர்களைப் பற்றிய ஷௌனக் சென்னின் 'ஆல் தட் பிரீத்ஸ்' (2022), டென்மார்க்கின் ஷார்லட் முங்க் பெங்ட்சென் தொகுப்பில் உருவானது. வேதாந்த் ஜோஷி உடன் பணியாற்றினார்.

ஆதரிப்பவர்கள் சொல்வது: மொழி தெரியாதவர் முகத்தையும் உடலையும் பார்ப்பார், வார்த்தைக்கு மயங்கமாட்டார். உலகப் பார்வையாளருக்கு எது புரியும், எது புரியாது என்று அவருக்கே நன்றாகத் தெரியும். எதிர்ப்பவர்களின் வாதமும் லேசானதல்ல. பேச்சின் எழுத்துப்படியில் வாக்கியத்தின் பொருள் இருக்கும். யார் யாரிடம் ஒருமையில் பேசினார், யார் மரியாதை விகுதியைப் பாதியில் விழுங்கினார் என்பது இருக்காது. வில்லியனூர்ப் பக்கத்து வயலில் நில உடைமையாளரும் கூலியாளும் பேசிக்கொள்ளும் இரண்டு நிமிடத்தில், சாதி முழுவதும் அந்த விகுதிகளில்தான் உட்கார்ந்திருக்கும். சப்டைட்டிலை வைத்து வெட்டுகிறவர் அந்த இரண்டு நிமிடத்தைத் தகவல் இல்லாத பகுதி என்று தூக்கிவிட வாய்ப்புண்டு. மொழி அறிந்த இணைத் தொகுப்பாளரை வைத்துக்கொள்வது நடைமுறைத் தீர்வு. மேற்சொன்ன இரண்டு படங்களிலும் இந்தியப் பெயர் ஒன்று தொகுப்புப் பட்டியலில் இருப்பது தற்செயல் அல்ல என்று தோன்றுகிறது. ஆனால் இறுதி வெட்டு யார் கையில் என்பதைப் பெயர்ப்பட்டியல் சொல்வதில்லை.

தொகுப்பால் எதையும் சாதிக்கலாம் என்ற நம்பிக்கைக்கு ஒரு தமிழகத் தடை இருக்கிறது. சத்யஜித் ராய் 1976இல் எடுத்த 'பாலா', துலால் தத்தாவின் தொகுப்பில் வந்த பாலசரஸ்வதி ஆவணப்படம். 1918இல் பிறந்த பாலசரஸ்வதிக்கு அப்போது வயது ஐம்பதைத் தாண்டி வெகுநாளாயிற்று. அவர் இளமையில் ஆடியதை யாரும் அந்த அளவில் படம்பிடித்து வைக்கவில்லை. இல்லாத காட்சியை எந்த மேசையும் உண்டாக்காது.

பிழைப்பு

கோட்பாட்டுப் போரில் அதிகம் பேசப்படாத கேள்வி, இந்த வேலையை நம்பி ஒருவர் குடும்பம் நடத்த முடியுமா என்பது. தமிழில் புகழ்பெற்ற தொகுப்பாளர்கள் எல்லாரும் கதைப்படத்தால் வாழ்ந்தவர்கள். ஸ்ரீகர் பிரசாத், 'நௌகா சரித்திரமு' என்ற கதைசாராப் படத்துக்காகவும் தேசிய விருது பெற்றவர். ஆனால் அவரை மக்கள் அறிவது மணிரத்னம் படங்களால். பி. லெனின் கதைப்படத் தொகுப்பில் நின்று சம்பாதித்த பெயரைக் கொண்டு 'நாக் அவுட்' போன்ற குறும்படத்துக்கு வந்தார். ஆவணப்படத் தொகுப்பையே தொழிலாகக் கொண்டவர்களை இந்தியாவில் தேடினால், புனே திரைப்படக் கல்லூரியில் தொகுப்புப் படித்த ரீனா மோகன், சமீரா ஜெயின் போன்றவர்களைச் சொல்லலாம். இருவரும் இயக்கத்துக்கும் வந்தார்கள். மோகனின் 'கமலாபாய்' (1992), இந்திய சினிமாவின் முதல் நடிகையரில் ஒருவரைப் பற்றியது.

பாதை முன்பு ஓரளவு தெளிவாக இருந்தது. சென்னைத் தரமணித் திரைப்படக் கல்லூரியிலோ புனேயிலோ படிப்பு. பிறகு மூத்த எடிட்டரிடம் உதவியாளர் வேலை. சுருளில் எண் போடுவது, ஒலியையும் காட்சியையும் கிளாப்பை வைத்துச் சேர்ப்பது, வெட்டி விழுந்த துண்டுகளைக் கொக்கியில் தொங்கவிட்டுத் தேடிக் கொடுப்பது. சலிப்பான வேலைதான். ஆனால் மூத்தவர் ஏன் அந்த இடத்தில் வெட்டினார் என்பதைத் தோளுக்குப் பின்னால் நின்று பார்த்ததே பாடம். 1989இல் அவிட் கணினித் தொகுப்பும், 1999இல் ஃபைனல் கட் புரோவும் வந்த பிறகு உதவியாளர் வேறு அறைக்குப் போனார். இரவில் தனியே ஃபுட்டேஜை ஏற்றிப் பெயரிட்டுப் போகிறவரானார். தொழில் எளிதில் கைக்கு எட்டியது. தொழிலைக் கற்கும் வழி குறுகியது. இது லாபமா நட்டமா என்பதில் மூத்தவர்களுக்குள்ளேயே ஒருமித்த கருத்து இல்லை.

புதுச்சேரியின் கிராமக் கொம்யூன்களில் வளரும் ஒருவருக்கு முதல் தொகுப்பு மேசை பெரும்பாலும் ஊர் வீடியோ ஸ்டூடியோவில்தான் இருக்கும். கல்யாணம், மஞ்சள் நீராட்டு, கோயில் தேர். இதை ஏளனமாகப் பார்ப்பவர்கள் ஒன்றைக் கவனிப்பதில்லை. எட்டு மணி நேரம் ஓடிய, முன்கூட்டி எழுதப்படாத, மறுபடி எடுக்க முடியாத நிகழ்ச்சியைச் சொந்தக்காரர் ஒருவரையும் விட்டுவிடாமல் தொகுப்பது ஆவணப்படத் தொகுப்புக்கு மிக நெருங்கிய பயிற்சி. அங்கிருந்து காலாப்பட்டில் உள்ள புதுவைப் பல்கலைக்கழகத்தின் ஊடகத் துறைக்கோ சென்னையின் செய்தி அலைவரிசைகளுக்கோ போகலாம். ஆவணப்படத்துக்குப் போகிறவர் குறைவு. பணம் அங்கே இல்லை.

பண விவகாரத்தில் மேற்கும் சொர்க்கம் அல்ல. ஆனால் அங்கே புழங்கும் ஒரு கணக்கு பயனுள்ளது: முடிந்த படத்தின் பத்து நிமிடத்துக்கு ஏறத்தாழ ஒரு மாதத் தொகுப்பு. அதன்படி ஒரு மணி நேரப் படத்துக்கு ஆறு மாதம். 2000இல் தொடங்கிய பொதுச் சேவை ஒளிபரப்பு அறக்கட்டளை போன்ற அமைப்புகள் இந்தியாவில் நூற்றுக்கணக்கான படங்களுக்கு வழிவகுத்தன. அவற்றின் சிறிய பட்ஜெட்டில் ஆறு மாதத் தொகுப்புச் சம்பளம் என்பது பேச்சுக்கே இடமில்லாதது. இயக்குநர்கள் தாமே தொகுக்கத் தொடங்கியதற்குக் கலைக்கொள்கை ஒரு காரணம் என்றால், காசு இன்னொரு காரணம். 'ரைட்டிங் வித் ஃபயர்' (2021) படத்தின் ரிந்து தாமஸ், சுஷ்மித் கோஷ் இருவரும் தாங்களே தொகுத்தார்கள். பாயல் கபாடியாவின் 'எ நைட் ஆஃப் நோயிங் நத்திங்' (2021) படத்தில் ரணபீர் தாஸ் ஒளிப்பதிவையும் தொகுப்பையும் சேர்த்துச் செய்தார். இரண்டும் சிறந்த படங்கள். இவற்றைக் காட்டித் தனித் தொகுப்பாளர் தேவையில்லை என்று வாதிடுவது, விதிவிலக்கை வழக்கமாக்குவது.

தீராதவை

செட்டியார், மால் இருவரிடமும் எடுத்ததற்கும் வைத்ததற்கும் உள்ள விகிதம் ஏறத்தாழ நான்குக்கு ஒன்று. 'எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' அறுநூறுக்கும் மேல். குவியல் பெருகப் பெருகத் தொகுப்பாளரின் ஆசிரியத்துவமும் பெருகும் என்ற வாதம் இந்த எண்களால் வலுப்பெறுவதுபோல் தெரிகிறது. ஆனால் நான்குக்கு ஒன்று என்ற காலத்திலேயே காந்தி படம் அடுக்கியவரின் படமாக இருந்தது. ஆகவே விகிதத்தைவிட, மேசைக்கு வரும் முன் எத்தனை முடிவுகள் எடுக்கப்பட்டுவிட்டன என்பதே பொருட்படுத்த வேண்டிய அளவுகோல் எனலாம். வர்ணனை முன்கூட்டியே எழுதப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன் படத்தில் தொகுப்பாளர் கைவினைஞர். காத்திருக்கும் கேமராவின் படத்தில் அவர் எழுத்தாளருக்கு வெகு அருகில் நிற்கிறார். இடையில் உள்ள படங்களே பெரும்பான்மை. அவற்றுக்குப் பொது விதி சொல்வது கடினம்.

பெயர்ப்பட்டியல் சிக்கலுக்கு மெய்ஸல்ஸ் வழி ஒரு முன்னுதாரணம்; ஐம்பதாண்டுகளுக்குப் பிறகும் அது பரவவில்லை. இணை இயக்குநர் என்று பெயர் போட்டால் படத்தில் உள்ள மனிதர்களுக்கான பொறுப்பிலும் பங்கு வருமா என்ற கேள்விக்கு, அதைக் கோருகிற தொகுப்பாளர்களிடமிருந்தும் தெளிவான விடை இதுவரை வரவில்லை.

புதிதாகச் சேர்ந்திருப்பது இயந்திர எழுத்துப்படி. பேச்சைக் கேட்டுத் தானே எழுதித்தரும் மென்பொருள்கள் செய்தித் தமிழை ஓரளவு பிடிக்கின்றன. பாகூர் வயலில் இருவர் ஒரே நேரத்தில் பேசுவதில் தடுமாறுகின்றன. எழுத்துப்படியை வைத்து முதல் வெட்டைச் செய்யும் பழக்கம் பரவினால், இயந்திரத்துக்குப் புரிந்த பேச்சே படத்துக்குள் நுழையும் ஆபத்து உண்டு. இதற்குத் தீர்வு மென்பொருள் மேம்படுவதா, அல்லது அறுபது மணி நேரத்தையும் ஒருவர் உட்கார்ந்து பார்க்கச் சம்பளம் கொடுப்பதா என்பதில் தயாரிப்பாளர்களும் தொகுப்பாளர்களும் வேறு வேறு பக்கம் நிற்கிறார்கள்.